எல்லோருக்கும் படித்துக் காட்டினோம்

சென்ற மாதம் ஆர்னே கேட்ட கேள்விக்கு "ஆமாம்" என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். இந்தக் கட்டுரையை நான் எழுத வேண்டி வந்திருக்காது.

ஆர்னே நார்வே நாட்டுப் பத்திரிகையாளர். அந்த நாட்டுச் செய்தித்தாள் ஒன்றின் ஆசிய நிருபராகத் தில்லியில் வீடு எடுத்துத் தங்கி, காபூலிலிருந்து கொழும்பு வரை அலைந்து எழுதியவர். அவர் தமிழ்நாட்டுக்கு வரும்போதெல்லாம் கூடப் போனவன் நான். ஆள் தேடுவது, வண்டி பிடிப்பது, அவர் கேள்வியைத் தமிழிலும் வரும் பதிலை ஆங்கிலத்திலும் சொல்வது எல்லாம் என் வேலை. இப்போது இந்த வேலைக்கு ஃபிக்ஸர் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அப்போது பெயர் கிடையாது. "வெள்ளைக்காரர் கூட வந்தவர்", அவ்வளவுதான். அச்சான எந்தக் கட்டுரையிலும் என் பெயர் வந்ததில்லை. அது வழக்கமும் இல்லை.

அவர் ஓய்வு பெற்றுத் தான் பிறந்த ஊருக்கே போய்விட்டார். எழுதியவற்றில் சிலவற்றைத் தொகுத்து அங்கே புத்தகமாகப் போடுகிறார்கள். அதில் நானும் சில பக்கங்கள் எழுத வேண்டும் என்று கேட்கத்தான் வீடியோவில் அழைத்தார். தாடி முழுக்க நரைத்திருந்தது. பின்னால் ஜன்னலில் பனி.

"நாம் வேலை செய்த விதத்தைப் பற்றி எழுது. என் முன்னுரையில் ஒரு வாக்கியம் வைத்திருக்கிறேன். 'இந்தப் புத்தகத்தில் பேசும் எல்லோருக்கும், அவர்கள் சொன்னதை அச்சுக்குப் போகும் முன் படித்துக் காட்டினோம்.' எல்லோருக்கும் என்று எழுதலாம், இல்லையா?"

"எழுதி அனுப்புகிறேன்" என்று சொல்லி அழைப்பை முடித்தேன். வாழ்நாள் முழுதும் கேள்வி கேட்டுப் பிழைத்த மனிதர். கேள்விக்குப் பதில் வரவில்லை என்பதைக் கவனித்திருப்பார்.

நான் இந்தத் தொழிலுக்கு வந்த கதை பெரிதில்லை. அப்பா ஆவடியில் பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலையில் ஃபிட்டர். குவார்ட்டர்ஸில் வளர்ந்தேன். ஆங்கில இலக்கியத்தில் எம்.ஏ. படித்து, அம்பத்தூரில் ஒரு டுடோரியலில் தோற்ற பிள்ளைகளுக்கு ஆங்கிலம் சொல்லிக்கொடுத்தேன். நண்பன் ஒருவன் அழைத்ததால் ஒருநாள் ஒரு வெளிநாட்டுக்காரருக்கு மொழிபெயர்க்கப் போனேன். அந்த வெளிநாட்டுக்காரர் ஆர்னே. அதன் பிறகு டுடோரியலுக்குத் திரும்பவில்லை.

அது இலங்கைப் பேச்சுவார்த்தைக் காலம். நார்வே என்ற பெயர் இங்கே டீக்கடை வரை தெரிந்திருந்தது. பூந்தமல்லியில் டீ ஆற்றிக்கொண்டிருந்தவர் ஆர்னேயின் நாடு எது என்று கேட்டார். சொன்னேன்.

"சமாதானம் பேசுறாங்களே, அந்த நார்வேயா? இன்னா சார், பேச்சுவார்த்தை எந்த அளவுல கீது?"

ஆர்னே சொன்னதை மொழிபெயர்த்தேன்: "எனக்குத் தெரியாது. நான் எழுதுகிறவன், பேச்சு நடத்துகிறவன் இல்லை."

"எழுதுறவருக்கே தெரியாதுன்னா அப்ப யாருக்குத்தான் தெரியும்? சரி, டீக்குக் காசு வேணாம்னு சொல்லு. நல்ல காரியமா வந்துகீறாங்க."

சில வருடங்கள் கழித்து, எல்லாம் முறிந்த பிறகு, அதே பூந்தமல்லியில் ஓர் ஆட்டோக்காரர் நாட்டின் பெயரைக் கேட்டதும் இறங்கச் சொன்னார். "மீட்டருக்கு மேல குடுத்தாலும் ஏத்த மாட்டேன். எறங்கு மாமே." எனக்குக் கோபம் வந்தது. ஆர்னே இறங்கி, ஆட்டோக்காரருக்குத் தலையசைத்துவிட்டு வெயிலில் நின்றார். "அன்றைக்கு நார்வே பெயருக்காகக் காசில்லாமல் டீ கொடுத்தபோது நாம் மறுக்கவில்லையே" என்றார். அவர் எப்படிப்பட்ட மனிதர் என்பதற்கு இதற்கு மேல் நான் சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் அவர் வேலை செய்த விதத்தைச் சொல்ல வேண்டும். இந்தக் கட்டுரையே அதைப் பற்றியதுதான்.

யார் வீட்டுக்குப் போனாலும் அவருடைய முதல் கேள்வி ஒன்றேதான்: "நேற்று என்ன செய்தீர்கள்?" போர், வறுமை, அரசியல் எதைப் பற்றிய கட்டுரையாக இருந்தாலும் அங்கேதான் தொடங்குவார். பதில் தெரியாதவர் யாரும் இல்லாத கேள்வி அது என்பார். பேட்டி முடிந்ததும், அந்த ஆள் பேசியதில் எதையெல்லாம் கட்டுரையில் பயன்படுத்தப் போகிறாரோ அந்த வாக்கியங்களை மட்டும் ஆங்கிலத்தில் எழுதி என்னிடம் கொடுப்பார். மறுநாள் அதே ஆளிடம் போய் நான் அவற்றைத் தமிழில் படித்துக் காட்ட வேண்டும். பிறகு கேட்க வேண்டியவை: நீங்கள் சொன்னது இதுதானா? இதில் எதையாவது எடுத்துவிடலாமா? உங்கள் பெயர் இருக்கலாமா? பதில் வந்த பிறகுதான் கட்டுரை ஆஸ்லோவில் இருந்த பத்திரிகை அலுவலகத்துக்குப் போகும்.

"அன்றைக்கே கேட்டால் போதாதா?" என்று ஆரம்பத்தில் கேட்டேன்.

"அன்றைக்குச் சொல்வது கோபமாக இருக்கலாம், விருந்தாளிக்குக் காட்டும் மரியாதையாக இருக்கலாம். ஒருநாள் தூங்கி எழுந்த பிறகும் சொன்னால்தான் அது அவருடைய சொல்."

அவர் பிறந்தது வடக்கே ஒரு தீவு. ஊர் மொத்தத்துக்கும் ஒரே மளிகைக் கடை. பள்ளிக்கூடம் முடித்ததும் அந்த ஊரின் சிறிய பத்திரிகையில் சேர்ந்திருக்கிறார். புயலில் படகு திரும்பாத ஒரு வீட்டுக்குப் போய், அந்தப் பெண் அழுதுகொண்டே கணவனைத் திட்டியதை அப்படியே எழுதிவிட்டார். மறுநாள் கடையில் வரிசையில் அவருக்கு முன்னால் அந்தப் பெண் நின்றிருந்தார். "அவர் திரும்பிப் பார்த்தார். ரொட்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்" என்றார் ஆர்னே. "எந்த நாட்டில் எழுதினாலும், யாரைப் பற்றி எழுதுகிறேனோ அவரோடு நாளைக்குக் கடையில் வரிசையில் நிற்கப் போகிறேன் என்று நினைத்துக்கொள்வேன்."

இதில் அவருக்கு ஒரு விதியும் இருந்தது. எடுக்கலாம், சேர்க்கக் கூடாது. அம்பத்தூர்ப் பக்கம் ஏரி ஆக்கிரமிப்பைப் பற்றிப் பேசிய ஓர் உள்ளூர்ப் பிரமுகருக்குப் படித்துக் காட்டியபோது அவர் நாற்காலியில் சாய்ந்துகொண்டு, "எல்லாம் ஓகே. பேருக்கு முன்னாடி மட்டும் 'மக்கள் தொண்டர்'னு ஒண்ணு போட்டுக்க" என்றார். ஆர்னே மாட்டேன் என்றார். "அப்ப 'சமூக சேவகர்'?" அதற்கும் மாட்டேன் என்றார். "இன்னாப்பா இந்த ஆளு, நார்வேலகூட எனக்கு ஒரு பட்டம் தர மாட்டேங்கறாரு!" என்று அவரே சிரித்துவிட்டார்.

இன்னொரு முறை பழவேற்காட்டில். சுனாமி நிவாரணமாகக் கிடைத்த படகு சரியில்லை என்று பேசிய மீனவர் மறுநாள் நாங்கள் போனபோது கடலுக்குள் இருந்தார். அன்று மாலைக்குள் கட்டுரை போக வேண்டும். ஆர்னே மணலில் காலை நீட்டி உட்கார்ந்துவிட்டார். ஆஸ்லோவிலிருந்து ஆசிரியர் கூப்பிட்டார். எதிர்முனைச் சத்தம் எனக்கே கேட்டது. "படகு இன்னும் வரவில்லை" என்றார் ஆர்னே. மறுபடி கூப்பிட்டபோதும் அதையேதான் சொன்னார். அன்றைய பதிப்பு அவர் கட்டுரை இல்லாமலே போனது. இருட்டும் நேரத்தில் கரைக்கு வந்த மீனவர், வலையை உதறிக்கொண்டே எல்லாவற்றையும் கேட்டார்.

"'ஓட்டைப் படகு'ன்னு சொன்னனே, அத எடுத்துடுங்க சார். 'தண்ணி கசியுது'ன்னும் சொன்னனே, அது மட்டும் இருக்கட்டும்."

"ஏன்?"

"அத வித்துடலாம்னு இருக்கேன். ஓட்டைன்னு எழுதிட்டா எவன் வாங்குவான்?"

நார்வேயில் இருக்கிறவன் பழவேற்காட்டுக்கு வந்து படகு வாங்கப் போகிறானா என்று திரும்பும் வழியில் கேட்டுச் சிரித்தேன். ஆர்னேயும் சிரித்தார். பிறகு, "அது அவர் கவலை. அவர் கவலையை அளந்து பார்ப்பது நம் வேலை இல்லை" என்றார்.

எங்கள் குடியிருப்பில் இரண்டாவது மாடியில் இருக்கும் பெண், ஓர் இணையச் சேனலில் நிருபர். "இப்பல்லாம் போனே மொழிபெயர்த்துடும் அங்கிள். உங்க வேலையெல்லாம் அவுட்" என்று சொல்லிக் கலாய்ப்பாள். மறுநாள் போய்ப் படித்துக் காட்டுமா உன் போன் என்று நான் கேட்பது வழக்கம். நான் வென்றதாக நினைத்துப் படியேறுவேன்.

நானும் ஒருமுறை போகவில்லை. அதை அவளிடம் சொன்னதில்லை. யாரிடமும் சொன்னதில்லை.

ஆர்னேயின் அம்மா அந்தத் தீவில் மீன் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர். பனிக்கட்டித் தண்ணீரில் கையை விட்டு மீன் அறுக்கும் வேலை. ஒரு விடுமுறையில் ஊருக்குப் போன ஆர்னே அந்தத் தொழிற்சாலையைப் பார்க்கப் போயிருக்கிறார். அங்கே ரப்பர் கையுறைகள் வந்த பெட்டி ஒன்றில் திருமழிசை என்று ஊர்ப் பெயர் இருந்திருக்கிறது. அங்கிருந்தே என்னைக் கூப்பிட்டார்.

"இந்த ஊர் உனக்குத் தெரியுமா?"

"ஆவடியிலிருந்து ஒரு பஸ் மாறினால் போதும்."

திருமழிசைத் தொழிற்பேட்டையில் கையுறை செய்யும் அந்தச் சிறிய கம்பெனியில் வேலை பார்த்த ஜெயந்தியை நான்தான் தேடிப் பிடித்தேன். பேட்டைக்குப் பின்னால் வாடகைக்கு ஓர் அறை. அப்போது அவருக்கு முப்பது வயதுக்கு மேல் இருக்கும். சாப்பாட்டு நேரத்தில் மற்றப் பெண்கள் எங்களைப் பார்த்து ஒதுங்கிப் போக, இவர் மட்டும் "இன்னா விசயம்? எங்கைல சொல்லு" என்று எதிரே வந்து நின்றவர்.

ஆர்னே வழக்கம்போல் ஆரம்பித்தார். நேற்று என்ன செய்தீர்கள்?

"நேத்தா? எந்திரிச்சேன், கொடத்த எடுத்துக்கினு போனேன், சண்ட போட்டேன்."

"யாரோடு?"

"கொழாயோடதான். தண்ணி வரலியே."

ஆர்னே விழுந்து விழுந்து சிரித்தார். தன் அம்மாவின் புகைப்படத்தை எடுத்துக் காட்டினார். தலையில் வலைத்தொப்பி, முழங்கை வரை கையுறை, கையில் கத்தி. ஜெயந்தி அதை வாங்கி வெகுநேரம் பார்த்தார். "இவங்களுக்குக் கை நல்லா கீதா இப்போ?" என்று கேட்டார். மரத்துப்போய்விட்டது, பொத்தான் போட முடியாது என்றார் ஆர்னே. அதற்குப் பிறகுதான் ஜெயந்தி தன் விரல்களை விரித்துக் காட்டினார். நுனிகளில் தோல் உரிந்து சிவந்திருந்தது.

"கை மாதிரி பீங்கான்ல அச்சு இருக்கும். ரப்பர் பாலுல முக்கி சூட்டுல காய வெப்பாங்க. சூடு ஆறங்காட்டியும் உரிக்கணும். ஆறிட்டா கிழியும். கிளவுஸ் செய்ற எங்களுக்கு கிளவுஸ் கெடையாது சார். கேட்டா, சூடு பழகிடும்பாங்க. வாங்குற கம்பெனி ஆளு பாக்க வர்ற அன்னிக்கு மட்டும் ஆளுக்கு ஒரு ஜோடி தருவாங்க. அவங்க காரு கேட்டைத் தாண்டிச்சோ இல்லியோ, திரும்ப வாங்கிடுவாங்க. நான்தான் கூடைய எடுத்துக்கினு போயி ஒவ்வொருத்தி கையிலேர்ந்தும் கழட்டி வாங்குவேன்."

கூடையைப் பற்றிய அந்த வாக்கியத்தை மறுபடி சொல்லச் சொல்லி ஆர்னே எழுதிக்கொண்டார். பெயரைப் போடலாமா என்று கேட்டதற்கு, "போட்டுக்கோ. எனக்கு இன்னா பயம்?" என்றார் ஜெயந்தி. கூட வந்திருக்கும் சாரின் பெயர் ஆர்னே என்று நான் சொன்னதும், "ஆரணியா? எங்க பெரிம்மா ஊரு" என்றார். அதற்குப் பிறகு அவருக்கு அவர் ஆரணி சார்தான்.

கிளம்பும்போது நான் சொன்னேன்: "நாளைக்கு சாயந்திரம் வந்து படிச்சுக் காட்டுறேம்மா. ஏதாவது வேணாம்னா எடுத்துடலாம்."

"ஷிப்ட்டு முடிஞ்சி வந்துடுவேன். வா சார்."

ஆர்னே மறுநாள் காலை தில்லி திரும்ப வேண்டியிருந்தது. வாக்கியங்களை எழுதி என்னிடம் கொடுத்துவிட்டுப் போனார். படித்துக் காட்டும் வேலை என்னுடையது.

மறுநாள் மாலை பூந்தமல்லி பேருந்து நிலையம் வரை வந்தேன். மழை. திருமழிசை போகும் பஸ்கள் போய்க்கொண்டுதான் இருந்தன. ஆகவே மழையைக் காரணமாகச் சொல்ல மாட்டேன். உண்மையான காரணங்களைச் சொல்கிறேன். அத்தனை வருடங்களில் படித்துக் காட்டிய யாரும் என் மொழிபெயர்ப்பில் பெரிய பிழை எதையும் கண்டுபிடித்ததில்லை. அதனால் படித்துக் காட்டுவது என் திறமையைச் சோதிக்கும் சடங்கு என்று நினைக்க ஆரம்பித்திருந்தேன். ஓட்டையைக் கசிவாக்குவதற்காக ஒரு மாலையைச் செலவழிக்க வேண்டுமா என்று அலுப்பு. கட்டுரை அவர் பெயரில் வரும், சேற்றில் நடப்பது நான் என்ற கசப்பும் இருந்தது. இதெல்லாவற்றுக்கும் மேலாக, நார்வே மொழியில் வரப்போவதைத் திருமழிசையில் யார் படிக்கப் போகிறார்கள் என்ற நினைப்பு. தூரம் பாதுகாப்பு என்று நம்பினேன். ஆறேழு கடல் தாண்டி வந்த ஒரு கையுறைப் பெட்டிதான் ஆர்னேயை இந்த ஊருக்கே கொண்டுவந்தது. பெட்டி போன வழியில் செய்தி திரும்பி வராதா என்று எனக்குத் தோன்றவில்லை.

பஸ் நிலையத்துக்கு எதிரே டீக்கடையில் நின்றபடி ஆர்னேயைக் கூப்பிட்டேன்.

"படித்துக் காட்டிவிட்டேன்."

"எதையாவது எடுக்கச் சொன்னாரா?"

"இல்லை."

"பெயர்?"

"இருக்கட்டும் என்றார்."

"கூடை வாக்கியத்துக்கு என்ன சொன்னார்? எனக்கு அதுதான் கவலை. கூடை எடுத்துப் போனவர் ஒரே ஒருவர். பெயரை மாற்றினாலும் யார் என்று தெரிந்துவிடும்."

இவ்வளவு தெளிவாகக் கேட்டார். அப்போதும் நான் ஒரு பஸ் பிடித்துப் போயிருக்கலாம். சொன்னது இதுதான்: "அதைப் படித்தபோது சிரித்தார்."

ஆர்னேயின் குரலில் நிம்மதி தெரிந்தது. கட்டுரை வந்தது. அங்கே பேசப்பட்டது. கையுறை வாங்கும் நிறுவனம் கட்டுரையை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து, விளக்கம் கேட்டுத் திருமழிசைக் கம்பெனிக்கு அனுப்பியது. கூடைக்காரி யார் என்று அங்கே யாரும் யோசிக்க வேண்டியிருக்கவில்லை.

ஜெயந்தி டெலிபோன் பூத்திலிருந்து கூப்பிட்டார். அழவில்லை, திட்டவில்லை.

"வந்து படிச்சுக் காட்டுறேன்னு சொன்னியே சார். நான் காத்துகினு இருந்தேனே."

"பத்திரிகை ஆபீஸ்ல அவசரப்பட்டுப் போட்டுட்டாங்கம்மா" என்றேன்.

வேலை போய்விட்டது, பேட்டையில் வேறு எந்தக் கம்பெனியிலும் கேட்டுக்குள் விடவில்லை என்று அவர் சொல்லும்போதே பூத்தில் நேரம் முடிந்து இணைப்பு அறுந்தது. அவர் மறுபடி கூப்பிடவில்லை. நான் போகவில்லை.

அடுத்த முறை ஆர்னே வந்தபோது மகிழ்ச்சியாக இருந்தார். அந்தக் கம்பெனியில் இப்போது எல்லாப் பெண்களுக்கும் எல்லா நாளும் கையுறை உண்டு என்று வாங்கும் நிறுவனம் அவருக்குத் தெரிவித்திருந்தது. ஜெயந்தியைப் பார்த்து நன்றி சொல்ல வேண்டும் என்றார். "ஊர் மாறிப் போய்விட்டார்" என்றேன். அந்தக் கட்டுரைதான் இப்போது அவர் புத்தகத்துக்கும் தலைப்பு தந்திருக்கிறது. அட்டைப் படம் ஒரு ரப்பர் கையுறை.

அதன் பிறகு பூந்தமல்லிக்கு மேற்கே போகும் பஸ்ஸில் நான் ஏறியதில்லை. திருவள்ளூர்ப் பக்கம் வேலை வந்தால் ஆவடியில் மின்சார ரயில் பிடித்துப் போனேன். ஆர்னே சொன்ன மளிகைக் கடை வரிசை என் விஷயத்தில் கற்பனை இல்லை. நான் உண்மையிலேயே நிற்க நேரக்கூடிய வரிசை. அதனால்தான் கடையை மாற்றிக்கொண்டேன்.

"எல்லோருக்கும் என்று எழுதலாம், இல்லையா?" என்று ஆர்னே கேட்ட மறுநாள் காலை, ஆர்னே அன்று ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்த தாளைப் பையில் வைத்துக்கொண்டு பூந்தமல்லி போய் அந்தப் பஸ்ஸில் ஏறினேன். வாசலில் நின்று மன்னிப்புக் கேட்டுவிட்டு வருவதல்ல என் நோக்கம். செய்யாமல் விட்ட வேலையைச் செய்வது. அவர் அடித்து விரட்டினால் மறுநாள் திரும்பப் போவது என்று முடிவு செய்திருந்தேன்.

திருமழிசையில் அந்த வாடகை அறை இருந்த இடத்தில் மூன்று மாடிக் கட்டடம். எதிரில் செல்போன் கடைக்காரரிடம் விசாரித்தேன்.

"ஜெயந்தின்னா எந்த ஜெயந்தி பெருசு? இங்க தெருவுக்கு ரெண்டு கீது."

"முன்னாடி கையுறைக் கம்பெனியில..."

"அட, கிளவுஸ் ஜெயந்திக்கா! அப்டி சொல்லு. அது வானகரத்துக்குப் போயி ரொம்ப நாளாச்சே. ஃபிளாட்டுங்க கீதே, அங்க ஹவுஸ்கீப்பிங் சூப்பர்வைசரு."

அந்தப் பெயரை அவருக்கு வாங்கித் தந்தவன் நான் என்று கடைக்காரருக்குத் தெரியாது.

வானகரத்தில், ஐ.டி. வேலைக்குப் போகிறவர்கள் குடியிருக்கும் பெரிய அடுக்ககம் அது. காவலாளி என்னைத் தரைத்தளத்தில் கார் நிறுத்தும் இடத்துக்கு அனுப்பினார். நீலச் சீருடையில் நான்கைந்து பெண்கள் சாப்பிட்டுவிட்டு எழுந்துகொண்டிருந்தார்கள். நடுவில் ஜெயந்தி. தலை நரைத்துவிட்டது. என்னைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துகொண்டார். எனக்கு அது எதிர்பாராததாக இருந்தது.

"நீ ஆரணி சார் கூட வந்தவரு."

"ஆமாம்மா."

"அவரு நல்லா கீறாரா?"

"இருக்கார்."

"அவங்க அம்மா?"

"காலமாயிட்டாங்க."

"த்சொ. பொத்தான் போட முடியாதுன்னாரே" என்றவர், பெண்களைப் பார்த்து, "நீங்க போங்கடி. கிளவுஸ் போட்டுக்கினு ஆசிட்ட தொடுங்க, சொல்ட்டேன்" என்று அதட்டி அனுப்பினார். பிறகு ஒரு பிளாஸ்டிக் ஸ்டூலை என் பக்கம் தள்ளினார். "இன்னா சார், இத்தினி வருசம் கழிச்சி?"

"படிச்சுக் காட்டலாம்னு வந்தேன்."

அவர் என்னை ஒருமுறை மேலும் கீழும் பார்த்தார். "மெய்யாலுமா?"

"அன்னிக்கு பத்திரிகைக்காரங்க அவசரப்படல. நான்தான் வரல. வந்து படிச்சுட்டதா ஆர்னேகிட்ட பொய் சொன்னேன். பூந்தமல்லி வரைக்கும் வந்து திரும்பிட்டேன்."

"பூந்தமல்லி வரிக்குமா?" என்றார். இன்னொரு ஸ்டூலை இழுத்துப் போட்டு எதிரில் உட்கார்ந்தார். "சரி, படி."

படித்தேன். குழாய்ச் சண்டை, பீங்கான் அச்சு, சூடு, கூடை. அவர் தரையைப் பார்த்தபடி கேட்டார். முடித்ததும் கேட்க வேண்டிய முதல் கேள்வியைக் கேட்டேன். நீங்க சொன்னது இதுதானா?

"அப்டியே கீது. ஒரு வார்த்த தப்பில்ல."

இத்தனை வருடங்கள் நான் பெருமைப்பட்ட பாராட்டு அது. அதற்கு மேல் நிமிர்ந்து பார்க்க முடியவில்லை.

"எதையாவது எடுத்துடலாமா?"

"இப்போ கேக்கறியா, அன்னிக்கு கேக்கறியா?"

"ரெண்டும்."

"அன்னிக்கு வந்திருந்தீன்னா கூடைய எடுன்னு சொல்லிருப்பேன். ராத்திரி படுக்கசொல்லவே நெனச்சேன், வாயக் குடுத்துட்டமே, நாளிக்கு வர்றவர்கிட்ட அத்த மட்டும் வேணாம்னுடலாம்னு. நீ வருவேன்னு டீத்தூள்லாம் வாங்கி வெச்சேன்."

"அது இல்லாம இருந்திருந்தா மத்தவங்களுக்குக் கையுறை கிடைச்சிருக்காது" என்று என் வாய் சொல்லிவிட்டது. இத்தனை காலம் எனக்கு நானே சொல்லிக்கொண்ட சமாதானம் அது.

ஜெயந்தி கோபப்படவில்லை. "தெரியும் சார். என் கூட வேல செஞ்சவளுங்க சொன்னாளுங்க. நீ கேட்டு, யோசிச்சி, சரி போட்டுக்கோன்னு நானே சொல்லிருந்தாலும் சொல்லிருப்பேன். ஆனா அத்த நான் சொல்லணும். நீ சொல்லக் கூடாது."

அடுத்த வாரம் வருவதாகச் சொல்லி எழுந்தேன். "வருவியா?" என்று கேட்டார். வருவேன் என்றேன்.

அன்று மாலையே ஆர்னேயைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னேன். நான் முடித்த பிறகு அவர் கேட்டது ஒன்றுதான்.

"அப்படியானால் அவர் சிரிக்கவில்லையா?"

"இல்லை."

"அந்தச் சிரிப்பை நான் பல மேடைகளில் சொல்லியிருக்கிறேன். அச்சமில்லாத பெண், படித்துக் காட்டியபோது சிரித்தார் என்று." கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "முன்னுரையில் அந்த வாக்கியத்தை எடுத்துவிடுகிறேன். கூடையும் பெயரும் இருக்கலாமா வேண்டாமா என்று அவர் சொல்லும் வரை புத்தகம் அச்சுக்குப் போகாது. நீ எழுது. எழுதியதை எனக்கு அனுப்புவதற்கு முன்னால்..."

"தெரியும்" என்றேன்.

அதனால்தான் இதை ஆங்கிலத்தில் எழுதாமல் முதலில் தமிழில் எழுதினேன். அடுத்த வாரம் வானகரத்துக்குப் போய், இதுவரை நீங்கள் படித்ததை எல்லாம், அவர் பேசியதையும் சேர்த்து, அந்தக் கார் நிறுத்தும் இடத்தில் உட்கார்ந்து ஜெயந்திக்குப் படித்துக் காட்டினேன். தன் வீட்டைப் பற்றிய இரண்டு இடங்களை எடுக்கச் சொன்னார். எடுத்துவிட்டேன். புத்தகத்தில் கூடை இருக்கலாம், தன் பெயரும் இருக்கலாம் என்றார். உடனே நான் தலையாட்டவில்லை. மறுநாளும் போய்க் கேட்டேன். "நேத்தே சொன்னேனே சார், இருக்கட்டும்" என்றவர், கட்டுரைத் தாள்களை என் கையிலிருந்து வாங்கிப் புரட்டிப் பார்த்தார்.

"இதுல என் பேரு கீது. ஆரணி சார் பேரு கீது. உன் பேரு எங்க கீது?"

"கூட வர்றவங்க பேரைப் போடுற வழக்கம் இல்லம்மா."

"இப்போ போடு."

எடுக்கலாம், சேர்க்கக் கூடாது என்பது ஆர்னேயின் விதி. அதை மீறி, ஜெயந்தி சொன்னபடி ஒரு வரி சேர்க்கிறேன். படிக்காமலே படித்துக் காட்டினேன் என்று சொன்னவன் பெயர் கோ. தணிகாசலம்.